ஸ்பானியத் திரை எழுத்தாளர் ஒருவரின் பணிப்பட்டியலைக் கோவையிலிருந்து தொகுப்பது எப்படி

கோவை, திருப்பூர், ஈரோடு, சேலம் பக்கத்துத் திரைப்பட வட்டங்கள் வெளிநாட்டு இயக்குநர்களைப் பற்றிச் சிறு நூல் போடுவதுண்டு. திரை எழுத்தாளரைப் பற்றிப் போடுவது அபூர்வம். இயக்குநரின் படப்பட்டியல் எங்கு தேடினாலும் தயாராகக் கிடைக்கும். எழுத்தாளரின் பட்டியலை நாமே தோண்டி எடுக்க வேண்டும். அதிலும் போரும் தணிக்கையும் நாடுகடந்த வாழ்வும் கலந்த ஸ்பானிய எழுத்தாளர் என்றால், இணையத்தில் உள்ள பட்டியலை அப்படியே எடுத்துப் போட்டால் பாதி தப்பாகிவிடும். அந்த வேலையை முறையாகச் செய்யும் வழி இங்கே. மாதிரிக்கு லூயிஸ் அல்கொரிசாவை எடுத்துக்கொள்கிறோம். 1918இல் ஸ்பெயினின் பதஹோஸ் நகரில், நாடகக் குடும்பத்தில் பிறந்தவர். ஸ்பெயின் உள்நாட்டுப் போருக்குப் பின் மெக்சிகோவில் குடியேறி, முதலில் நடிகராக இருந்து எழுத்துக்கு வந்தவர். ஸ்பானிய இயக்குநர் லூயிஸ் புனுவலோடு சேர்ந்து பல படங்கள் எழுதினார், பிறகு தானே இயக்கினார், 1992இல் மெக்சிகோவின் குவெர்னவாக்காவில் காலமானார். இந்த வேலையில் வரக்கூடிய சிக்கல் எல்லாமே இவர் ஒருவரிடத்திலேயே இருக்கிறது.

ஒரு விதியை முதலிலேயே பிடித்துக்கொள்ளுங்கள். டைட்டில் கார்டில் இருக்கும் பெயர் ஒரு சாட்சி, அவ்வளவுதான். ஒவ்வொரு படத்துக்கும் குறைந்தது இரண்டு சாட்சி வேண்டும். இரண்டும் ஒன்றையொன்று பார்த்து எழுதப்பட்டவையாக இருக்கக் கூடாது.

சிங்காநல்லூரில் பழகிவிட்டு மாட்ரிட் போங்கள்

ஸ்பானியத் தாள்களில் கை வைப்பதற்கு முன் நம் ஊர்ப் படம் மூன்றில் பயிற்சி எடுப்பது நல்லது. மொழிச் சிக்கல் இல்லாமல் முறை மட்டும் கைக்குப் பழகும். கொங்கு நாட்டுக்காரர்களுக்கு இதில் நல்ல வசதி இருக்கிறது. ஸ்பெயின் போரிலிருந்து மீண்டுகொண்டிருந்த அதே ஆண்டுகளில் சிங்காநல்லூர் சென்ட்ரல் ஸ்டுடியோவும், புலியகுளம் பக்கத்துப் பட்சிராஜாவும், சேலம் ஏற்காடு சாலையில் டி.ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸும் படம் எடுத்துக்கொண்டிருந்தன. பிலிம் தட்டுப்பாடு, அரசுக் கெடுபிடி, பெயர் விடுபடுதல் எல்லாம் இங்கேயும் நடந்தவைதான்.

முதல் பயிற்சி ‘ஹரிதாஸ்’. சென்ட்ரல் ஸ்டுடியோவில் எடுத்தது, வசனம் இளங்கோவன், 1944 தீபாவளிக்கு வந்தது. இதில் பழக வேண்டியது தேதி. பழைய பத்திரிகை முகப்பில் தமிழ் வருடப் பெயர்தான் பெரிதாக இருக்கும். தாரண வருடம் 1944 ஏப்ரல் நடுவில் தொடங்கி 1945 ஏப்ரல் நடுவில் முடிகிறது. ஆகவே ‘தாரண தை’ என்று கண்டால் அது 1945 ஜனவரி. இந்த இடத்தில் ஒரு வருடம் பிசகுவது சகஜம், பிசகினால் அடுத்தடுத்த படங்களின் வரிசையும் கலைந்துவிடும்.

இரண்டாவது பயிற்சி ‘அபிமன்யு’ (1948). ஜூபிடர் நிறுவனம் சென்ட்ரல் ஸ்டுடியோவில் எடுத்த படம். வசனம் எழுதியவர் மு. கருணாநிதி, திரையில் வந்த பெயர் ஏ.எஸ்.ஏ. சாமி. கருணாநிதியே பிற்பாடு இதைப் பதிவு செய்திருக்கிறார். இரண்டே ஆண்டில், சேலத்தில் ‘மந்திரி குமாரி’ (1950) எடுத்தபோது அதே எழுத்தாளரின் பெயர் படத்தை விற்கும் பெயராகிவிட்டது. டைட்டில் கார்டை மட்டும் நம்புகிறவர் அவருடைய பணியை எந்த ஆண்டிலிருந்து தொடங்குவார், எதையெல்லாம் தவறவிடுவார் என்று எழுதிப் பாருங்கள். இதே சிக்கலைத்தான் மெக்சிகோவிலும் சந்திக்கப் போகிறீர்கள்.

மூன்றாவது ‘மலைக்கள்ளன்’ (1954). நாவல் நாமக்கல் கவிஞருடையது, தமிழ் வசனம் கருணாநிதி, பட்சிராஜாவுக்காக எஸ்.எம். ஸ்ரீராமுலு நாயுடு தயாரித்து இயக்கியது. அதே கதை தெலுங்கு, கன்னடம், மலையாளம், இந்தி, சிங்களம் என ஐந்து மொழிக்குப் போயிற்று. கதை ஒன்றாக இருந்தாலும் ஒவ்வொரு மொழியின் வசனத்துக்கும் தனித்தனிக் கை உண்டு. இந்தி ‘ஆசாத்’ (1955) படத்துக்கும் தமிழ் வசனகர்த்தாவின் பெயரையே நகலெடுத்துப் போட்டுவிடுவது எளிது. மூலக்கதை, திரைக்கதை, வசனம் மூன்றையும் தனித்தனிக் கட்டத்தில் எழுதிப் பழகினால் அந்தத் தப்பு நேராது.

இந்த மூன்றுக்கும் முதல் சாட்சி பாட்டுப் புத்தகம். உக்கடம் பழைய புத்தகக் கடைகளில் விசாரியுங்கள். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பழைய திரைப்படத் தாள்கள் சேர்த்து வைத்திருக்கிறார்கள். பாட்டுப் புத்தகம் படம் வெளிவருவதற்கு முன்பே அச்சாகிவிடுவது. அதில் உள்ள பாட்டு படத்தில் இல்லாமல் போகலாம், பெயர் வரிசையும் மாறியிருக்கலாம். முதல் சாட்சியாக வைத்துக்கொள்ளுங்கள், கடைசிச் சாட்சியாக வேண்டாம்.

காலத்தை முதலில் கோடு போட்டு வையுங்கள்

போர்க்காலம் என்று நாம் சொல்வதும் ஸ்பெயின்காரர் சொல்வதும் வேறு வேறு ஆண்டுகள். அவர்களுடைய போர் உள்நாட்டுப் போர்: 1936 ஜூலையில் தொடங்கி 1939 ஏப்ரல் 1இல் முடிந்தது. நம் ஸ்டுடியோக்களைத் தொட்ட போர் 1939 செப்டம்பரிலிருந்து 1945 வரை. 1945இல் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘பர்மா ராணி’யை வெளியிட்டபோது இங்கே போர்ப் பிரசாரப் படக் காலம். ஸ்பெயினில் போர் முடிந்து ஆறு ஆண்டு ஆகிவிட்டது.

ஆகவே ஒரு பெரிய தாளில் 1931 முதல் 1977 வரை ஆண்டுகளை நெடுக எழுதி, நான்கு பத்தி போடுங்கள்: ஸ்பெயின், மெக்சிகோ, கொங்குநாடு, எழுத்தாளரின் வாழ்க்கை. ஸ்பெயின் பத்தியில் இவை கட்டாயம் வர வேண்டும். 1931 குடியரசு. 1936-39 போர். 1941 ஏப்ரலில் வெளிநாட்டுப் படங்களை ஸ்பானிய மொழியில் டப் செய்தே காட்ட வேண்டும் என்ற ஆணை. 1943 ஜனவரியிலிருந்து எல்லாத் தியேட்டரிலும் கட்டாயமாக ஓடிய ‘நோ-தோ’ அரசுச் செய்திப்படம். 1975 நவம்பரில் சர்வாதிகாரி பிராங்கோ மரணம். 1977இல் திரைத் தணிக்கை ஒழிப்பு. எழுத்தாளர் 1939இல் எந்த ஊரில் இருந்தார் என்ற ஒரு கட்டம் காலியாக இருந்தால்கூட மேலே போகாதீர்கள். அதன் பிறகு அவர் பெயர் எந்த நாட்டுக் காப்பகத்தில் கிடக்கும் என்பது அந்தக் கட்டத்தைப் பொறுத்தது.

பிராங்கோ ஆட்சியை மெக்சிகோ அங்கீகரிக்கவே இல்லை. 1977இல்தான் இரண்டு நாட்டுக்கும் மீண்டும் தூதரக உறவு வந்தது. நாடுகடந்தவர்கள் மெக்சிகோவில் எழுதிய படங்கள் ஸ்பெயினின் அந்தக் காலப் பத்திரிகையில் சரியாகப் பதிவாகியிருக்காது. வந்திருந்தாலும் பெயர் சுருங்கியோ விடுபட்டோ இருக்கும். மாட்ரிட் பத்திரிகையில் ஒரு பெயர் இல்லை என்பதை வைத்து அவர் எழுதவில்லை என்று முடிவு கட்டக் கூடாது.

ஒரு படத்துக்கு ஒரு தாள்

தாளாகவும் வைக்கலாம், கணினி அட்டவணையாகவும் வைக்கலாம். கட்டங்கள் இவை: படத்தின் பெயர் மூல எழுத்தில், தமிழில் நாம் எழுதும் வடிவம், படப்பிடிப்பு ஆண்டு, வெளியான நாள், ஊர், தியேட்டர், தயாரிப்பு நிறுவனம், இயக்குநர், டைட்டில் கார்டில் எழுத்தாளர் பெயர் வரும் வரி, எழுத்துக்கு எழுத்து அப்படியே, மூலக்கதை யாருடையது, உடன் எழுதியவர்கள், நீளம், சாட்சி ஒன்று, சாட்சி இரண்டு, சந்தேகம்.

படப்பிடிப்பு ஆண்டையும் வெளியான ஆண்டையும் ஏன் பிரிக்கச் சொல்கிறோம் என்றால், புனுவலும் அல்கொரிசாவும் சேர்ந்து எழுதிய ‘எல் புரூத்தோ’, ‘எல்’ இரண்டும் 1952இல் எடுத்து 1953இல் வந்தவை. ஒரு பட்டியல் எடுத்த ஆண்டைப் போடும், இன்னொன்று வந்த ஆண்டைப் போடும். இரண்டையும் கலந்தால் ஒரே படம் இரண்டு தடவை பட்டியலில் ஏறிவிடும். ஸ்பெயினில் இது இன்னும் மோசம். 1940களில் வெளிநாட்டுப் படத்தை இறக்குமதி செய்து டப் செய்யும் அனுமதி, உள்நாட்டில் படம் எடுத்த நிறுவனத்துக்கு அந்தப் படத்தின் தரத்தைப் பார்த்துக் கொடுக்கப்பட்டது. அந்த அனுமதிக்காகவே எடுத்த படங்கள் உண்டு. தாளில் இருக்கும், தியேட்டரில் பெரிதாக ஓடியிருக்காது. வெளியான ஊரும் தியேட்டரும் தெரியாத படத்துக்கு அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டு வையுங்கள், ஆண்டை ஊகித்துப் போட வேண்டாம்.

‘சந்தேகம்’ கட்டத்தைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். தொகுப்பின் உயிர் அங்கேதான் இருக்கிறது. எதை நம்பி எதை நம்பாமல் எழுதினோம் என்று அங்கே இரண்டு வரி இருந்தால், அடுத்து வருகிறவர் திரும்பவும் முதலிலிருந்து தோண்ட வேண்டியதில்லை.

டைட்டில் கார்டைப் படிக்கும் விதம்

ஸ்பானியப் படத்தில் எழுத்துப் பணி நான்கு சொல்லாக வரும். ‘ஆர்குமெந்தோ’ என்பது கதை. ‘கியோன்’ திரைக்கதை. ‘தியாலோகோஸ்’ வசனம். ‘அதப்தசியோன்’ நாடகத்தையோ நாவலையோ படத்துக்காக மாற்றியது. ‘கியோன் தெக்னிகோ’ என்று வந்தால் ஷாட் பிரிப்பு. பெரும்பாலும் இயக்குநரே செய்வது, எழுத்தாளர் கணக்கில் சேர்க்க வேண்டாம். நம் 1940களின் படங்களில் கதையும் வசனமும்தான் பெயர் பெறும், திரைக்கதைக்குத் தனிக் கார்டு இல்லாத படங்கள் நிறைய. ஆகவே ஒன்றுக்கு ஒன்று பொருத்தாமல், அங்கே இருப்பதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்.

‘பியென்வெனிதோ மிஸ்தர் மார்ஷல்’ (1953) நல்ல உதாரணம். ஹுவான் அந்தோனியோ பார்தெம், லூயிஸ் கார்சியா பெர்லாங்கா, மிகெல் மிஹூரா மூவரும் எழுதியது. பெர்லாங்கா இயக்கியதால் படம் அவர் பெயரிலேயே பேசப்படுகிறது. மிஹூரா நாடக ஆசிரியர். 1941இல் ‘லா கொதோர்னிஸ்’ என்ற நகைச்சுவைப் பத்திரிகையைத் தொடங்கியவர். வசனத்தில் அவருடைய கை தெரியும். இப்படி மூவர் பெயர் வரும் படத்தில் மூன்று பேருக்கும் ஒரே எடை கொடுத்து மூன்று பட்டியலிலும் ‘திரைக்கதை’ என்று போட்டுவிட்டால், படிக்கிறவருக்கு ஒன்றும் தெரியாமல் போகும். யார் எந்தப் பகுதி என்று தெரிந்தால் அதை எழுதுங்கள். தெரியாவிட்டால் ‘மூவரில் ஒருவர்’ என்று எழுதுங்கள்.

கணவன் மனைவி சேர்ந்து எழுதிய படங்களில் மனைவி பெயர் நகலுக்கு நகல் உதிர்ந்துகொண்டே வரும். அல்கொரிசா விஷயத்தில் இது கண்ணில் பட வேண்டிய தப்பு. ‘எல் கிரான் கலவேரா’ (1949) அல்கொரிசாவும் அவர் மனைவி ஹானெத்தும் சேர்ந்து எழுதியது. மூலம் அதோல்ஃபோ தொர்ராதோ என்ற ஸ்பானிய நாடக ஆசிரியரின் நகைச்சுவை நாடகம். ‘லா இஹா தெல் எங்காஞ்ஞோ’ (1951) படத்திலும் இருவரும்தான். ஹானெத் பெயரில் தனியாக ஒரு தாள்கட்டு தொடங்கி, இருவர் பட்டியலையும் பக்கத்தில் வைத்துச் சரிபாருங்கள். ஒன்றில் இருந்து மற்றதில் இல்லாதது எதுவோ அங்கே வேலை பாக்கி.

அந்த 1951 படத்தில் இன்னொரு கண்ணியும் இருக்கிறது. அதன் மூலம் ‘தோன் கின்தின் எல் அமர்காவ்’ என்ற மேடை நாடகம். இதே நாடகத்தைப் போருக்கு முன் 1935இல் மாட்ரிட்டில் பில்மோஃபோனோ நிறுவனம் படமாக எடுத்தது. அப்போது தயாரிப்பில் நின்றவர் புனுவல், எழுத்தில் பங்கெடுத்தவர் எதுவார்தோ உகார்தே. போருக்குப் பின் இவர்களும் மெக்சிகோ வந்து சேர்ந்தார்கள். ஒரே கதை, போருக்கு முன் ஒரு நாட்டிலும் பின் இன்னொரு நாட்டிலும், வெவ்வேறு கைகளால். இரண்டு தாளையும் குறுக்குக் குறிப்பால் இணைத்து வையுங்கள், ஆனால் எழுத்தாளர் கட்டத்தைக் கலக்காதீர்கள். ‘மலைக்கள்ளன்’ பயிற்சி இங்கேதான் கைகொடுக்கும்.

புனைபெயரும் தேட வேண்டிய விஷயம். ‘ராஸா’ (1942) படத்தின் கதை ஹைமே தெ அந்த்ராதே என்ற பெயரில் வந்தது. அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவர் சர்வாதிகாரி பிராங்கோவேதான். இயக்கியவர் ஹோசே லூயிஸ் சாயென்ஸ் தெ எரெதியா. 1950இல் அரசியல் காற்று மாறியதும் வேறு பெயரிட்டு, பாசிச வணக்கம் வரும் இடங்களை வெட்டி, வசனத்தை மாற்றி மறுபடி வெளியிட்டார்கள். ஆகவே நீங்கள் பார்த்த பிரதி எந்த ஆண்டுப் பதிப்பு என்று தெரியாமல் வசனத்தைப் பற்றி ஒரு வரிகூட எழுதக் கூடாது.

பெயர் வராத எழுத்து

‘லோஸ் ஓல்விதாதோஸ்’ (1950) படத்தில் எழுத்துக்குப் பெயர் பெற்றவர்கள் புனுவலும் அல்கொரிசாவும். பெயர் வராமல் பங்களித்தவர்கள் என்று பதிவாகியிருப்பவர்கள் நாடுகடந்த ஸ்பானிய எழுத்தாளர்களான மாக்ஸ் அவுப், ஹுவான் லர்ரேயா, பிறகு மெக்சிகோ நகரத் தெருப் பேச்சை வசனத்தில் கொண்டுவந்த பேத்ரோ தெ உர்திமாலாஸ். மாக்ஸ் அவுப் தாளைத் தொகுக்கும்போது இந்தப் படத்தைச் சேர்ப்பதா, விடுவதா?

சேர்க்க வேண்டும், குறியோடு. மூன்று குறி போதும். டைட்டில் கார்டில் இருந்தால் ‘தி’ (திரை). ஒப்பந்தம், கடிதம், தணிக்கைக் கோப்பு, பாட்டுப் புத்தகம் போன்ற அந்தக் காலத் தாளில் இருந்தால் ‘தா’. பிற்காலத்துப் பேட்டியிலோ தன்வரலாற்றிலோ மட்டும் இருந்தால் ‘பே’. ‘அபிமன்யு’ இந்தக் கணக்கில் கருணாநிதிக்கு ‘பே’. அந்தக் காலத்துக் காகிதம் ஏதாவது கிடைத்தால் ‘தா’ ஆகும். ‘பே’ மட்டும் உள்ள படங்களை முதன்மைப் பட்டியலில் சேர்க்காமல் தனிப் பகுதியில் வைக்க வேண்டும் என்பது எங்கள் திடமான கருத்து. எழுதியவருக்கு உரியதை மறுக்கவும் கூடாது, நிறுவாததை நிறுவியதுபோல் காட்டவும் கூடாது.

இதற்கு நேர்மாறான சிக்கலும் உண்டு. ‘எல் ஆன்ஹெல் எக்ஸ்தெர்மினதோர்’ (1962) புனுவலும் அல்கொரிசாவும் முன்பு வேறு தலைப்பில் சேர்ந்து எழுதிவைத்த கதையிலிருந்து வளர்ந்தது. படமாக்கிய திரைக்கதை புனுவலுடையது. அல்கொரிசா பட்டியலில் இதை ‘கதை, புனுவலுடன்’ என்று போடுங்கள். பல இடங்களில் ‘திரைக்கதை’ என்று ஏற்றிவைத்திருக்கிறார்கள்.

நீளக் கணக்கு

35 மி.மீ. பிலிமில் ஒரு அடிக்கு 16 பிரேம். நொடிக்கு 24 பிரேம் ஓடினால் நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி ரீல் 11 நிமிடம் சொச்சம். போர்க்காலத்தில் இங்கே பிலிம் தட்டுப்பாட்டால் ஒரு படம் 11,000 அடியைத் தாண்டக் கூடாது என்று அரசு கட்டுப்படுத்தியது. அது 122 நிமிடம். அதற்கு முன் மூன்று மணி நேரத்தைத் தாண்டும் தமிழ்ப் படம் சாதாரணம். பத்துப் பாட்டு, பாட்டுக்கு 3 நிமிடம் என்றால் 2,700 அடி போயிற்று. மிச்சம் 8,300 அடி, அதாவது 92 நிமிடத்துக்குள் கதையும் வசனமும் அடங்க வேண்டும். இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்காமல் 1943-45 ஆண்டுகளின் வசன நடையைப் பற்றி யாரும் தீர்ப்புச் சொல்லக் கூடாது.

ஸ்பெயினிலும் மெக்சிகோவிலும் நீளம் மீட்டரில் இருக்கும். நிமிடத்துக்குச் சுமார் 27.4 மீட்டர். தணிக்கைக் கோப்பில் 2,400 மீட்டர் என்று இருந்தால் 88 நிமிடம். உங்கள் கையில் இருக்கும் ஐரோப்பிய டிவிடி 84 நிமிடம் காட்டினால் நான்கு நிமிடம் வெட்டுப்பட்டது என்று எழுதிவிடாதீர்கள். அந்த டிவிடிகள் நொடிக்கு 25 பிரேமில் ஓடுவதால் படம் 4 சதவீதம் சுருங்கும். டிவிடி நேரத்தை 1.04ஆல் பெருக்கினால் தியேட்டர் நேரம் வரும். பெருக்கிய பிறகும் வித்தியாசம் இருந்தால்தான் வெட்டைத் தேட வேண்டும். தணிக்கை வெட்டு என்று தவறாக எழுதப்பட்டவற்றில் இந்த 4 சதவீதக் குழப்பம் கணிசம்.

தாள் எங்கே இருக்கிறது

இந்தப் பகுதியில் ஸ்பெயின் நம்மைவிடக் கொடுத்துவைத்தது, காரணம் கசப்பானது. நம் பக்கத்தில் தணிக்கை பார்த்தது முடிந்த படத்தை. 1951 வரை மாகாண வாரியம், பிறகு பம்பாயைத் தலைமையாகக் கொண்ட மத்திய வாரியம். அதனால் வசனப் பிரதிகள் ஸ்டுடியோவோடு போயின. பிராங்கோவின் ஸ்பெயினில் படப்பிடிப்புக்கு முன்பே திரைக்கதையை அரசுக்குக் கொடுத்து அனுமதி வாங்க வேண்டும். எழுத்தாளரை நெரித்த அதே ஏற்பாடு அவருடைய கைப்பிரதியைப் பாதுகாத்தும் வைத்திருக்கிறது. அந்தக் கோப்புகள் மாட்ரிட்டுக்குப் பக்கத்தில் அல்கலா தெ எனாரெஸ் நகரிலுள்ள அரசு நிர்வாகப் பொதுக் காப்பகத்தில் இருக்கின்றன. கொடுத்த திரைக்கதை, வாசித்த தணிக்கையாளரின் அறிக்கை, நீக்கச் சொன்ன இடங்கள், முடிந்த படத்தின் மீதான முடிவு என ஒரு படத்துக்கு அடுத்தடுத்த தாள்கள் கிடைக்கலாம். இவற்றைப் பக்கத்தில் வைத்துப் படித்தால் எழுத்தாளர் எழுதியது என்ன, திரைக்கு வந்தது என்ன என்று பிரித்துக் காட்ட முடியும்.

கடிதம் ஸ்பானியத்தில் எழுதுங்கள், சுருக்கமாக. ஒரு கடிதத்தில் ஒரு படம். படத்தின் பெயர், ஆண்டு, தயாரிப்பு நிறுவனம், இயக்குநர் நான்கும் முதல் வரியிலேயே இருக்கட்டும். கோப்பில் திரைக்கதை இருக்கிறதா, எத்தனை பக்கம், நகலுக்கு என்ன கட்டணம் என்று மூன்று கேள்வி போதும். எழுத்தாளர் பெயரை மட்டும் கொடுத்து ‘இவர் எழுதிய எல்லாம் வேண்டும்’ என்று கேட்டால் பயனுள்ள பதில் வராது, கோப்புகள் படத்தின் பெயரில் கட்டப்பட்டவை. ஆகஸ்டில் அங்கே விடுமுறைக் காலம். ஜூனுக்குள் அனுப்பிவிடுங்கள்.

படத்தையே பார்க்க வேண்டுமானால் மாட்ரிட்டில் பில்மோதெக்கா எஸ்பாஞ்ஞோலா இருக்கிறது, 1953இல் தொடங்கியது. ஸ்பெயின் தேசிய நூலகத்தின் இணையப் பத்திரிகைத் தொகுப்பை வீட்டிலிருந்தே இலவசமாகத் தேடலாம். 1940இல் தொடங்கிய ‘பிரிமேர் பிளானோ’ ஆட்சியின் திரைப் பத்திரிகை. படப்பிடிப்புச் செய்தியும் பெயர்களும் நிறைய இருக்கும். ஆட்சிக்குப் பிடிக்காதவர் பெயர் அதில் இருக்காது என்பதையும் மறக்கக் கூடாது. மெக்சிகோ பக்கத்துக்குத் தேசியத் தன்னாட்சிப் பல்கலைக்கழகத்தின் பில்மோதெக்காவும் சினெதெக்கா நசியோனாலும். ‘லோஸ் ஓல்விதாதோஸ்’ படத்துக்கு எடுத்துவைத்துப் பயன்படுத்தாமல் விட்ட வேறொரு முடிவு பல்கலைக்கழகக் காப்பகத்தில்தான் கிடைத்தது. ஆண்டுவாரியாக எமிலியோ கார்சியா ரியேரா எழுதிய மெக்சிகோ திரை வரலாற்றுத் தொகுதிகள் இரண்டாம் சாட்சிக்கு மிகவும் நம்பகமானவை.

ஸ்பெயினிலும் நம் ஊர் நோட்டீஸ் மாதிரி கைத்தாள் கொடுப்பார்கள். முன்பக்கம் வண்ணப் படம், பின்பக்கம் தியேட்டர் பெயரும் தேதியும். சேகரிப்பாளர்கள் இணையத்தில் விற்கிறார்கள். பின்பக்கத் தேதியைப் படம் வெளியான நாளாக எடுக்க வேண்டாம். அந்தத் தியேட்டருக்கு அது வந்த நாள்தான் அது. சிற்றூருக்கு இரண்டு ஆண்டு கழித்துக்கூட வந்திருக்கும்.

தேடும் பெயர்

ஸ்பானியருக்கு இரண்டு குடும்பப் பெயர், தந்தை வழி ஒன்று, தாய் வழி ஒன்று. அட்டவணையில் முதல் குடும்பப் பெயரில்தான் வைப்பார்கள். லூயிஸ் கார்சியா பெர்லாங்காவை ‘பெர்லாங்கா’வில் தேடினால் கிடைக்காது, ‘கார்சியா’வில் இருப்பார். அல்கொரிசாவின் முழுப்பெயர் லூயிஸ் அல்கொரிசா தெ லா வேகா. முழுப்பெயர், முதல் குடும்பப் பெயர் மட்டும், மனைவி பெயர், புனைபெயர் என நான்கு தடவை தேடுங்கள். எழுத்தின் மேலுள்ள அழுத்தக் குறியோடு ஒரு தடவையும் இல்லாமல் ஒரு தடவையும் தேட வேண்டும். பழைய பத்திரிகையை இயந்திரம் படிக்கும்போது அந்தக் குறிகளைத்தான் முதலில் தவறவிடும். பெயரில் அகப்படாததைப் படத்தின் பெயரும் தியேட்டர் பெயரும் சேர்த்துத் தேடிப் பிடிக்கலாம்.

இயந்திர மொழிபெயர்ப்பைச் செய்தித்தாள் பத்திக்குப் பயன்படுத்தலாம். டைட்டில் கார்டுக்கும் தணிக்கை அறிக்கைக்கும் வேண்டாம். ‘கதை’யையும் ‘திரைக்கதை’யையும் அது ஒரே சொல்லாக்கிவிடும். அங்கே ஸ்பானியம் தெரிந்த ஒருவரிடம் காட்டி வாங்குங்கள்.

தமிழில் பெயர் எழுதும் முறையைத் தொடக்கத்திலேயே முடிவு செய்து ஒரு பக்கத்தில் எழுதி ஒட்டிவையுங்கள். இரண்டு பேர் தொகுத்தால் ஒருவர் ‘புனுவல்’ என்றும் மற்றவர் ‘புஞ்ஞுவேல்’ என்றும் எழுதி, அகரவரிசையில் இருவராகிவிடுவார். தமிழில் ஏற்கெனவே வழங்கும் வடிவம் இருந்தால் அதையே வையுங்கள், இல்லாதவற்றுக்கு மட்டும் உச்சரிப்பைப் பின்பற்றுங்கள். மூல எழுத்து தாளில் எப்போதும் இருக்க வேண்டும்.

நூலாக்கும்போது

ஏ5 அளவில் நடுவில் பின் அடிக்கும் சிறு நூலுக்குப் பக்க எண்ணிக்கை நான்கின் மடங்காக இருக்க வேண்டும். 16 பக்கத்தில் முப்பது படத்துக்கு மேல் பிடிக்க முயன்றால் எழுத்து பொடியாகி வயதானவர்கள் படிக்க முடியாது. 20 அல்லது 24க்குப் போங்கள். முதல் இரண்டு பக்கம் காலக்கோடு. பிறகு முதன்மைப் பட்டியல், படப்பிடிப்பு ஆண்டு வரிசையில். அல்கொரிசாவுக்கு இது மூன்றாகப் பிரியும்: பிறருக்கு எழுதியவை, புனுவலோடு எழுதியவை, 1960களின் தொடக்கத்திலிருந்து தானே இயக்கியவை. ‘த்லாயூக்கான்’ (1962) அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கார் போட்டிப் பட்டியலுக்குப் போனது இந்த மூன்றாம் பகுதியில் வரும். கடைசியில் ‘பே’ குறிப் படங்கள், பிறகு சந்தேகக் குறிப்புகள். சந்தேகக் குறிப்பை இடம் போதவில்லை என்று நீக்காதீர்கள். வேண்டுமானால் ஒரு ஸ்டில்லை நீக்குங்கள்.

திரையிடலோடு சேர்த்து வெளியிடுவதானால் உரிமை வைத்திருப்பவரிடம் எழுத்தில் அனுமதி வாங்கிய பிறகே தேதி அறிவியுங்கள். முதல் படமாக ‘எல் கிரான் கலவேரா’வைப் போடலாம். சிரிப்பும் வேகமும் உள்ள படம், தமிழில் நாடகத்திலிருந்து வந்த பழைய படங்களைப் பார்த்தவர்களுக்கு உடனே பிடிபடும். ‘லோஸ் ஓல்விதாதோஸ்’ இரண்டாவதாக. அதைப் பார்த்ததும் கூட்டத்தில் யார் எழுதியது என்ற கேள்வி தானே வரும்.

அச்சான பிரதியில் ஒன்றை ஆர்.எஸ்.புரம் மாவட்ட மைய நூலகத்துக்கும் ஒன்றை ரோஜா முத்தையா நூலகத்துக்கும் கொடுத்துவிடுங்கள். தாள்கட்டை ஸ்கேன் செய்து கோப்பின் பெயரில் தேதி போட்டு வட்டத்தில் இரண்டு பேரிடம் தனித்தனியாக வையுங்கள். அல்கலாவிலிருந்து வர வேண்டிய நகல் நூல் அச்சான பிறகுகூட வந்து சேரலாம். அப்போது ‘பே’யை ‘தா’வாக மாற்றி, எந்தத் தாளைப் பார்த்து மாற்றினோம் என்று சந்தேகக் கட்டத்தில் எழுதிவிட்டால் இரண்டாம் பதிப்புக்குப் பாதி வேலை முடிந்தது.